வேம்புலிக்கு வருகிற டிப்ஸ்

மண்ணூர்பேட்டையில் நான் மதியம் சாப்பிடும் ஓட்டலில் வேம்புலி சர்வர். வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. கெண்டைக்காலில் நரம்பு சுருண்டு புடைத்திருக்கிறது. பேண்டுக்குள் இறுக்கமான காலுறை போட்டுக்கொண்டுதான் நிற்கிறார். அவருடைய அப்பா இந்தப் பக்கத்து வயல்களில் கூலி வேலை செய்தவர். வேம்புலி கல்யாண மண்டபங்களில் பந்தி பரிமாறி, அப்புறம் ஓட்டலுக்கு வந்தவர். கள்ளிக்குப்பத்தில் வாடகை வீடு. அவர் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. கேட்டால், "உக்காந்தா எந்திரிக்கத்தான் சார் கஷ்டம்" என்பார்.

அவரிடம் எனக்குப் பிடிக்காத பழக்கம் ஒன்று உண்டு. மேசையில் உட்கார்ந்திருக்கும் ஆளிடம் 'இல்லை' என்று சொல்லவே மாட்டார். பூரி தீர்ந்துபோயிருந்தால், "பரோட்டா சூடா வந்துகினு கீது சார்" என்பார். சாம்பாரில் உப்பு தூக்கலாக இருக்கிறதே என்றால் ஆமாம் சார். பக்கத்து இருக்கைக்காரர் உப்பே இல்லை என்றால் அதற்கும் ஆமாம் சார். பொறுக்க முடியாமல் ஒருநாள், "நாளைக்கு ஓட்டல் லீவாண்ணே?" என்று கேட்டேன். "லீவுதான் சார், வாங்க சார்" என்றார். சாப்பிட வந்தவன் காதில் இல்லை என்ற சொல் விழக் கூடாது என்று முதன்முதலில் வேலை கொடுத்த முதலாளி சொன்னாராம். அந்த ஆள் எப்போதோ செத்துப்போனார். பாடம் மட்டும் சாகவில்லை.

டிப்ஸுக்கு அங்கே ஒரு வழக்கம் இருந்தது. பில் தட்டில் சோம்புக்குப் பக்கத்தில் விட்டுப்போகும் காசு, அந்த மேசையைப் பார்க்கும் சர்வருக்கு. சாயங்காலம் அதில் ஒரு பங்கு, மேசை துடைக்கிற குப்பம்மாவுக்கு. யாரும் எழுதி வைத்ததில்லை, யாரும் மீறியதுமில்லை. வேம்புலியின் சம்பளம் வாடகைக்கும் அரிசிக்கும் சரியாகப் போய்விடும். காலுறை, மாத்திரை, எப்போதோ செய்யவேண்டிய ஆபரேஷனுக்குக் கட்டும் சீட்டு எல்லாம் டிப்ஸில்தான் ஓடிக்கொண்டிருந்தன.

பிறகு போன் வந்தது. அம்பத்தூர் எஸ்டேட் கம்பெனிகளில் வேலை பார்க்கும் எங்களில் ஒருவன் கையிலும் இப்போது சில்லறை கிடையாது. பில்லோடு டிப்ஸையும் சேர்த்துப் போனிலேயே போட்டுவிடுகிறோம். கல்லாவில் இருக்கும் சின்ன ஸ்பீக்கர் பெட்டி, இவ்வளவு ரூபாய் பெறப்பட்டது என்று ஓட்டலுக்கே கேட்கும்படி கத்தும். பில்லுக்கு மேல் எவ்வளவு வந்தது என்பது வேம்புலிக்கு அங்கேயே தெரிந்துவிடும். காதுக்கு வரும், கைக்கு வராது. அது முதலாளி ஸ்ரீநாத்தின் கணக்கில் விழுந்து அப்படியே கிடக்கும்.

ஸ்ரீநாத்தைப் பெரிய வில்லன் என்று சொல்லிவிடவும் முடியாது. முன்பு பில்லிலேயே சேவைக் கட்டணம் என்று ஒரு தொகை சேர்த்து, அதில் கொஞ்சம் ஊழியர்களுக்கும் கொடுத்துவந்தார். ஷோபனா என்றொரு வாடிக்கையாளர் ஒருநாள் போனை நீட்டிச் சண்டை போட்டார். அதைத் தானாகப் பில்லில் சேர்க்கக் கூடாது, கொடுப்பதும் விடுவதும் சாப்பிடுகிறவர் விருப்பம் என்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் சொல்லியிருக்கிறது. அந்த அம்மா சொன்னது முழுக்கச் சரி. ஸ்ரீநாத் அந்தக் கட்டணத்தை எடுத்தார், கூடவே ஊழியர்களுக்குக் கொடுத்துவந்ததையும் நிறுத்தினார். "கவர்மெண்டே வேணாம்னுடுச்சு, நான் என்ன பண்றது?" என்று கையை விரித்தார். அடுத்த வாரமே ஒவ்வொரு மேசையிலும் ஒரு அட்டை நின்றது: 'எங்கள் பணியாளர்களை ஊக்குவியுங்கள்.' கீழே ஸ்கேன் செய்ய ஒரு கட்டம். அதுவும் அவர் கணக்குதான். அந்த அட்டையைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

வேம்புலியின் காலுறை தொளதொளத்துக் கணுக்காலுக்கு இறங்கிவிட்டிருந்தது. சீட்டையும் பாதியில் நிறுத்திவிட்டார் என்று குப்பம்மாதான் சொன்னாள். அவளுக்கும் பங்கு நின்றுபோய் மாதங்கள் ஆகியிருந்தன.

அப்துல் ரசாக் என் பள்ளிக்கூட நண்பன். அம்பத்தூர் கோர்ட்டில் வக்கீல். வேம்புலியையும் குப்பம்மாவையும் அவனிடம் கூட்டிக்கொண்டு போனேன். அவன் பொறுமையாகக் கேட்டான்.

"டிப்ஸ் யாருக்குச் சொந்தம்னு ஒரே வரியில சொல்ற சட்டம் நம்மகிட்ட இல்லண்ணே" என்றான். "ஆனா ஊழியருக்குன்னு அட்டை வெச்சு வாங்கின காசை, முதலாளி தன் வருமானமா வெச்சுக்கிட்டா கேள்வி கேக்கலாம். எடுத்த உடனே நோட்டீஸ் வேணாம். நானே சாப்பிட வர்றேன், அவரையும் பக்கத்துல வெச்சுப் பேசுறேன். நீங்க ஒண்ணே ஒண்ணு பண்ணணும். கைக்கு வரலன்னு உங்க வாயால சொல்லணும்."

"சொல்லிக்கிறேன் சார்" என்றார் வேம்புலி. வாசலில் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றுதான் பேசினார்.

"தெகிரியமா சொல்லு அண்ணாத்தே" என்றாள் குப்பம்மா. "நீ சொன்னாதான் எனக்கும்."

வியாழக்கிழமை மதியக் கூட்டம் வடிந்த பிறகு ரசாக் வந்தான். நானும் அவனும் சாப்பிட்டோம். வேம்புலி வழக்கம்போல் பார்த்துப் பார்த்துப் பரிமாறினார், ரசத்தை டம்ளரில் தனியாகக் கொண்டுவந்து வைத்தார். ஸ்ரீநாத்தை ரசாக் பக்கத்தில் உட்காரச் சொல்லி, தான் யார் என்று சொல்லி, அந்த அட்டையைக் காட்டினான்.

"இந்தக் காசு யாருக்குப் போகுதுங்க?"

ஸ்ரீநாத்தின் முகம் வெளுத்தது. "ஸ்டாஃப் வெல்ஃபேருக்குத்தான் சார்" என்றார். குரலில் உறுதி இல்லை. கொஞ்சம் அழுத்தினால் போதும், இறங்கிவருவார் என்று எனக்குத் தெரிந்தது.

ரசாக் திரும்பினான். தண்ணீர் ஜக்கோடு மேசையருகே வேம்புலி நின்றிருந்தார்.

"நீங்க சொல்லுங்க. டிப்ஸ் உங்க கைக்கு வருதா?"

வேம்புலி ரசாக்கைப் பார்த்தார், அவன் முன்னால் இருந்த இலையைப் பார்த்தார், பாதி காலியான டம்ளரைப் பார்த்தார். குனிந்து அதை நிரப்பினார்.

"வருது சார்."

எனக்கு ஒரு நொடி விளங்கவில்லை. ரசாக் மறுபடியும் மெதுவாகக் கேட்டான். "நல்லா யோசிச்சுச் சொல்லுங்கண்ணே. வருதா?"

"வருது சார். மோர் கொண்டாரட்டா?"

ஸ்ரீநாத் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தார். "பாத்தீங்களா சார்? சீனியர் ஸ்டாஃப் அவரே சொல்றாரு" என்றவர், கல்லாவுக்குப் போகும் வழியில் வேம்புலியின் தோளைத் தட்டிவிட்டுப் போனார். ரசாக் மோரைக் குடித்துவிட்டுக் கை கழுவப் போனான். அங்கே வைத்து என்னிடம், "இனிமே நான் என்னடா பண்ணுவேன்? முதலாளி முன்னாடி, என் முன்னாடி, ரெண்டு தடவ சொல்லிட்டாரு" என்றான். அவன் கிளம்பிப் போனதும் எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. வேம்புலியைச் சமையலறை வாசலில் மடக்கினேன்.

"ஏண்ணே இப்படிப் பண்ணீங்க?"

அவருக்கே அது தெரியவில்லை. "வரலன்னு சொல்லத்தான் சார் காத்தாலேர்ந்து மனசுக்குள்ள சொல்லிக்கினே கீறேன். எல போட்டு உக்காந்துகினு கேட்டாரு சார். வாய் தானா..." என்று நிறுத்தினார். எனக்கு அவரை அடிக்கலாம்போலவும் இருந்தது, அழலாம்போலவும் இருந்தது.

குப்பம்மா எங்கள் மேசையைத் துடைக்க வந்தாள். பாதி துடைத்தவள் துணியைப் போட்டுவிட்டு, ரசாக் உட்கார்ந்திருந்த நாற்காலியிலேயே உட்கார்ந்துவிட்டாள். வாடிக்கையாளர் நாற்காலியில் ஊழியர் உட்காரக் கூடாது என்பது அந்த ஓட்டலின் சட்டம். அவளுக்கு அன்று எதுவும் பொருட்டாக இல்லை.

"அண்ணாத்தே" என்று கூப்பிட்டாள். சத்தம் போடவில்லை. களைத்துப்போன குரல். "டிப்ஸ் உனுக்கு வருதுன்னு வக்கீலாண்ட சொல்ட்ட. மொதலாளியும் கேட்டுகினாரு. அப்ப இத்தினி மாசமா என் பங்கு இன்னா ஆச்சு? குடுக்கிறியா?"

நான் வாயைத் திறப்பதற்குள் அவர் அவள் பக்கம் போய் நின்றுவிட்டார். கால் வலிக்கிறது என்று காட்டாமல் நேராக நின்றார்.

"குடுக்கறம்மா" என்றார்.

ஒன்றாம் தேதி சம்பளம் வாங்கியதும் கொடுத்தார்.