ஸ்டோர்காரரின் முஷ்டி

கம்பெனியில் ஆண்டுக்கொருமுறை நடக்கும் தண்டால் போட்டிக்கு இருபத்திரண்டு ஆண்டுகளாக ஸ்டோர்காரர் நடுவர்; இரண்டு வரிசைகளில் ஒன்று அவருடையது. நாற்காலியில் உட்கார்ந்து பார்க்கிற வேலை இல்லை அது. போட்டியாளரின் நெஞ்சுக்கு நேர் கீழே முஷ்டியைத் தரையில் செங்குத்தாக ஊன்றி, பக்கத்தில் குப்புறப் படுத்துக்கொள்ள வேண்டும். நெஞ்சு முஷ்டியைத் தொட்டு, மேலே போய் முழங்கை நீண்டால் ஒன்று. தொடாவிட்டாலும் இடுப்பு தொங்கினாலும் பழைய எண்ணையே திரும்பச் சொல்லுவார். முழங்கால் தரையில் பட்டால் ஆட்டம் முடிந்தது.

ஐம்பத்தேழு வயதில் படுப்பதைவிட எழுந்திருப்பதுதான் பெரும்பாடு. அன்று மட்டும் பதினோரு முறை படுத்து எழுந்திருந்தார்.

கடைசிச் சுற்றில் அவர் வரிசையில் மருமகன். பக்கத்து வரிசையில் பாய்லர்காரன். அவனுக்கு முஷ்டி வைத்தவர் எலக்ட்ரீஷியன். மூன்று வருஷமாக இரண்டாம் இடத்தைக் குத்தகைக்கு எடுத்தவன்போல் இருந்த மருமகனுக்கு இந்த முறைதான் குலுக்கலில் மாமனார் வரிசை விழுந்தது. அறுபத்து நான்கு எடுத்தான். பாய்லர்காரன் அறுபத்திரண்டு.

"மாமனார் கைன்னா நெஞ்சு தானா இறங்குது போலண்ணே," என்றான் பாய்லர்காரன்.

"என் கணக்குல எப்பவாவது ஒண்ணு கூடக் குறைய இருந்திருக்காய்யா?"

"இல்லண்ணே. சும்மா சொன்னேன்."

சும்மா சொன்னதுதான். ஆனாலும் முடிவை எழுத உட்கார்ந்தவருக்குப் போட்டி நோட்டின் பழைய பக்கங்களைப் புரட்டாமல் இருக்க முடியவில்லை. எந்த ஆள், எந்த வரிசை, எத்தனை என்று எல்லாம் அதில் இருந்தது. இரண்டு ஆண்டுகளாக, அவர் வரிசைக்கு வந்த ஒவ்வொருவனும் முன்பைவிட மூன்று நான்கு கூடுதலாக எடுத்திருந்தான். அங்கிருந்து போனவன் அதே அளவு இறங்கியிருந்தான்.

வலது கையைப் பார்த்தார். விரல் மூட்டுகள் வீங்கி, மோதிரத்தைக் கழற்றி வைத்ததும் இரண்டு ஆண்டுகளுக்கு முன்புதான்.

எலக்ட்ரீஷியனைக் கூப்பிட்டு ஸ்கேலை வைத்து அளந்தார். எலக்ட்ரீஷியன் முஷ்டி ஒன்பது சென்டிமீட்டர். அவருடையது பத்து சென்டிமீட்டரும் இரண்டு மில்லிமீட்டரும்.

"யாருக்குண்ணே தெரியப்போகுது? கப்பை வச்சுக்கிட்டு உங்க பொண்ணு போட்டோகூட எடுத்தாச்சு. பேசாம இருங்க," என்றார் எலக்ட்ரீஷியன்.

ஸ்டோர்காரர் எழுந்து மருமகனிடம் போனார். "மாப்பிள்ளை, என் கை வீங்கியிருக்கு. ஒரு சென்டிமீட்டருக்கு மேல உசரம். நீங்க முழுசா இறங்கல. தப்பு உங்க மேல இல்ல."

மருமகன் அந்தக் கையைத் திருப்பிப் பார்த்தான். "இதைக் காலையிலயே அளந்திருக்கலாமே மாமா."

"ரெண்டு பேரும் எலக்ட்ரீஷியன் கையில மறுபடி எடுங்க," என்றார் ஸ்டோர்காரர்.

அரைமணி ஓய்வுக்குப் பிறகு இருவரும் ஒருவர் பின் ஒருவராக எலக்ட்ரீஷியன் முஷ்டியில் எடுத்தார்கள். மருமகன் நாற்பத்தொன்று. பாய்லர்காரன் நாற்பத்து நான்கு. மகள் கப்பைப் பாய்லர்காரனிடம் நீட்டிவிட்டு, அப்பா பக்கம் திரும்பாமலே சொன்னாள்: "வீட்டுக்குப் போனதும் கையை வெந்நீர்ல வைங்கப்பா."

அறுபத்து நான்கை அடித்து, பக்கத்தில் காரணத்தை எழுதினார். முந்தைய ஆண்டுப் பக்கங்களிலும் தன் வரிசைக்கு நேரே அதையே எழுதினார். கூடம் காலியாகும் வரை எழுதினார்.

மருமகன் காத்திருந்தான். "அடுத்த வருஷம் யார் வரிசை வேணா விழட்டும் மாமா. உங்க கை மட்டும் வேண்டாம்."

"கை இல்ல மாப்பிள்ளை. மரக்கட்டை. ஒன்பது சென்டிமீட்டர். தச்சர்கிட்ட சொல்லிட்டேன்."

கூடத்துப் பூட்டில் சாவியைத் திருப்ப வலது கை மடங்கவில்லை. இடது கையால் பூட்டினார்.