வெசுரா ஓயவிடாத மணி

வெசுரா அண்ணாந்து வானத்தைப் பார்ப்பதை யாரும் பார்த்ததில்லை. நட்சத்திரம் பார்ப்பதே அவள் வேலை என்றால் வெளியூர்க்காரர்கள் சிரிப்பார்கள். மொரேல் ஏரிக்கரையில் வருடம் முழுக்கத் தலையைக் குனிந்தபடிதான் நடப்பாள். கேட்டால், "கண்ணை எதுக்கு வீணாக்கணும்? வேண்டிய அன்னிக்குப் பாத்தா போதும்" என்பாள்.

மணிக்கூண்டின் அடியில் மீன் பொரித்து விற்கிறவள் நான். வெசுரா என்னிடம் கருகின வால் துண்டாகப் பார்த்து வாங்கிப் போவாள். ஊரார் சங்கதி எல்லாம் என் அடுப்படிக்கு வந்துவிடும். அவளுடையது மட்டும் வராது. அடுத்த வீட்டுச் சட்டியில் என்ன கொதிக்கிறது என்று தெரியாவிட்டால் எனக்குச் சாப்பாடு இறங்காது. அதனால் அவள் மேல் எனக்கு எப்போதும் ஒரு கண்.

பனி மாதத்தோடு எங்கள் வருடம் முடிந்துவிடும். ஆனால் அடுத்தது உடனே பிறக்காது. விடியலில் பசுங்கண் நட்சத்திரம் ஏரிக்கு மேலே தலைகாட்ட வேண்டும், வெசுரா அதைப் பார்த்து மணி அடிக்க வேண்டும், அந்த மணி ஓய வேண்டும். அதுவரைக்கும் கணக்கில்லா நாட்கள். அப்போது சட்டம் கிடையாது. விற்றது செல்லாது, கொடுத்த வாக்கு செல்லாது. கல்யாணம் கூடாது, விதைக்கக் கூடாது. அந்த நாட்களில் நானும் என் நாத்தனாரும் ஒருவரையொருவர் வாயாரத் திட்டிக்கொள்வோம். மணி ஓய்ந்ததும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடுவோம்.

ஊரைவிட்டுத் தள்ளப்பட்டவர்களும் அந்த நாட்களில் வீடு திரும்பலாம். வெசுராவின் தம்பி ஒரிம் அப்படித்தான் வருவான். மணிக்கூண்டு வேலை முதலில் அவனுடையது. ஒரு வருடம் மூடுபனிக்குள் தெரிந்த படகு விளக்கைப் பசுங்கண் என்று நினைத்து மணி அடித்துவிட்டான். ஊர் நம்பி விதைத்தது. பிறகு பனி கொட்டி முளையெல்லாம் கருகிப்போயிற்று. அந்தப் பஞ்சத்தில்தான் என் கைக்குழந்தை போனான். ஒரிமை ஏரிக்கு அந்தப்புறம் தள்ளினார்கள். செத்தாலும் இந்த மண்ணில் இடமில்லை என்றார்கள். எனக்கு அதுவும் போதவில்லை.

இந்த முறை அவனைப் படகிலிருந்து தூக்கித்தான் வந்தார்கள். நெஞ்சில் சளி கட்டி, மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது. வானத்திலும் மேகம் கலையவில்லை. கணக்கில்லா நாட்கள் நீண்டுகொண்டே போக, உப்பு வியாபாரி ஹால்டோ என் கடை வாசலில் நின்று கத்தினார்.

"எம் பொண்ணு கல்யாணத்துக்கு வாங்குன ஆடெல்லாம் கிழடு தட்டிப்போச்சு! அந்தம்மா கண்ணுக்கு மேகம் தெரியுதா, இல்ல தம்பி தெரியுறானா?"

"மெதுவா பேசுங்கண்ணே, மேல கேக்கப் போவுது" என்றேன்.

"கேக்கட்டும்னுதான் கத்துறேன்!"

எனக்கும் அதே சந்தேகம்தான். ஒரு தட்டு மீனைச் சாக்காக வைத்துக்கொண்டு படியேறி, மணிக்குக் கீழ்த்தட்டில் இருந்த அவள் அறைக்குப் போனேன். ஒரிம் எலும்பும் தோலுமாகக் கிடந்தான். இன்னும் ஒன்றிரண்டு நாள் தாங்கினால் பெரிது. கணக்கில்லா நாளில் செத்துவிட்டால் சட்டம் அவனைத் தொடாது, அம்மாவின் குழிக்குப் பக்கத்திலேயே புதைக்கலாம். மணி ஓய்ந்து புது வருடம் பிறந்த பிறகு செத்தால் உடம்பை ஏரிக்கு அந்தப்புறம் கொண்டுபோக வேண்டியதுதான்.

"நாளைக்கு வானம் தெளிஞ்சா என்னடி பண்ணுவே?" என்று கேட்டேன்.

"அடிப்பேன்."

"இவன்?"

"விதைக்கிற பருவம் தள்ளிப்போனாலும் பஞ்சந்தான், ஸெனா. ஊரு ஒருதடவ பட்டினி கெடந்தது போதும்."

ஒரிம் கண்ணைத் திறந்து, "உங்க பிள்ளைய நெனைக்காத நாளில்லக்கா" என்றான்.

"நெனைச்சு என்ன பண்றது?" என்று சொல்லிவிட்டு, தட்டைக்கூட எடுக்காமல் இறங்கி வந்தேன்.

மறுநாள் விடியலில் வானம் துடைத்துவிட்டாற்போல் இருந்தது. பசுங்கண் பளிச்சென்று எரிந்தது. மணியும் அடித்தது. ஆகட்டும், ஒரிம் ஒழிந்தான் என்றுதான் நினைத்தேன்.

வழக்கமாக நாலு இழுப்பில் மணி ஓயும். ஓய்ந்தால்தான் புது வருடம். அன்றைக்கு ஓயவில்லை. சூரியன் ஏறியது. மாலையும் கையுமாக நின்ற கல்யாண வீட்டார் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஹால்டோ பல்லைக் கடித்துக்கொண்டு படியேறினார். சத்தம் போடுவார் என்று காதைத் தீட்டிக்கொண்டிருந்தேன். சத்தமில்லை. மணியின் தாளம் மட்டும் மாறிற்று.

அதற்கு மேல் என்னால் கீழே இருக்க முடியவில்லை. போய்ப் பார்த்தால் ஹால்டோ வியர்த்து வழியக் கயிற்றை இழுத்துக்கொண்டிருக்கிறார். கயிற்றில் வெசுராவின் கை ரத்தம் படிந்திருந்தது. அவள் கீழே தம்பியிடம் போயிருந்தாள்.

"என்ன வேடிக்க பாக்குற? தோள்பட்ட கழண்டுபோச்சு, வந்து புடி" என்றார்.

"நானா? அவனுக்கா?"

"புடிக்கிறதுன்னா புடி. இல்லன்னா எறங்கு. வழிய அடைக்காத."

இறங்கத்தான் திரும்பினேன். ஹால்டோவின் பிடி நழுவிற்று. மணி ஒரு முறை தடுமாறியது. என்னை அறியாமல் பாய்ந்து கயிற்றைப் பிடித்தேன். பிடித்த பிறகு விட முடியவில்லை. என் பிள்ளையை நினைத்து அழுதேன், ஒரிமைத் திட்டினேன், இழுத்துக்கொண்டே இருந்தேன். எனக்குப் பின்னால் படியில் அடுத்துக் கயிறு பிடிக்க ஆட்கள் வரிசை கட்டி நின்றார்கள்.

உச்சிப்பொழுதில் வெசுரா ஏறி வந்து என் கைமேல் கை வைத்தாள்.

"விடு ஸெனா. போயிட்டான்."

மணி ஓய்ந்தது.

அவனுக்காக நீ கயிறு இழுத்தாயா என்று என் நாத்தனார் இன்றைக்கும் கேட்கிறாள். கணக்கில்லா நாளில் செய்தது எதுவும் செல்லாது என்று வாயை அடைத்துவிடுவேன். ஆனால் அவனை அவன் அம்மாவின் குழிக்குப் பக்கத்தில் புதைத்தது மணி ஓய்ந்த பிறகு, புது வருடத்தின் முதல் நாளில். வெசுராவுக்குப் பக்கத்தில் நின்று நானும் அந்தக் குழியில் ஒரு கைப்பிடி மண் போட்டேன். அது செல்லும்.