ஒரு சாலுக்கு ஒன்பது வருஷ வட்டி

ஸ்ரீரங்கத்தில் அம்மா மண்டபம் ரோட்டை ஒட்டிய ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பில் வீரமலை வாட்ச்மேன் வேலைக்கு வந்து சேர்ந்தது சம்பளத்துக்காக இல்லை. அவருடைய வக்கீல் விஜயராணி அங்கே இரண்டாவது மாடியில் குடியிருந்தார். கட்சிக்காரன் வக்கீலைத் தேடி அலைந்து செருப்பைத் தேய்ப்பதுதான் உலக வழக்கம். வீரமலையோ வக்கீல் போய்வரும் வாசலையே காவலுக்கு எடுத்துக்கொண்டுவிட்டார். தினம் காலையில் கேட்டைத் திறந்துவிடும்போது ஒரு சலாம், கூடவே ஒரு கேள்வி.

"அம்மா, வட்டி என்ன ஆச்சுங்க?"

அந்தக் கேள்வி எத்தனை வருஷமாகக் கேட்கப்பட்டது என்றால், விஜயராணி வீட்டு நாய் 'வட்டி' என்று கூப்பிட்டால்தான் வாலை ஆட்டும் என்று வீரமலையின் மனைவி வேலம்மாள் சத்தியம் செய்வாள். வேலம்மாள் அதே கட்டடத்தின் படிக்கட்டுகளைக் கூட்டித் துடைப்பவள். படிக்கட்டில் நடப்பதைக் கூட்டிச் சொல்வதும் அவள் வழக்கம்தான். ஆனாலும் நாய் விஷயத்தை யாரும் மறுத்ததில்லை.

மருங்காபுரிப் பக்கத்தில் வீரமலைக்கு ஒரு ஏக்கர் புஞ்சை இருந்தது. மேகம் அந்த ஊரைத் தாண்டும்போது மட்டும் மூச்சைப் பிடித்துக்கொண்டு போகும், அப்படியொரு வறட்சி. இருந்தும் அதில் கடலையும் சோளமும் போட்டு ஒரு பெண்ணை வளர்த்தார்கள். 2006-இல் தொழிற்பேட்டை வருகிறது என்று அரசாங்கம் அதை எடுத்துக்கொண்டது. தாலுகா ஆபீஸ் ஆட்கள் வந்து நாலு மூலையிலும் கல் நட்டார்கள், நிலம் அரசாங்கத்தின் சுவாதீனத்துக்கு வந்தது என்று ஒரு காகிதத்தில் எழுதி வாங்கினார்கள், இளநீர் குடித்தார்கள், போனார்கள். சென்ட்டுக்கு ஆயிரம் ரூபாய் வீதம் வந்த ஒரு லட்சம் பெண்ணின் கல்யாணப் பந்தலைத் தாண்டவில்லை. விலை போதாது என்று விஜயராணி மூலமாகத் திருச்சி கோர்ட்டில் வழக்குப் போட்டார் வீரமலை.

தொழிற்பேட்டை வரவில்லை. வேலிகூட வரவில்லை. ஒன்பது வருஷம் நிலம் அப்படியே திறந்து கிடந்தது. அங்கேதான் வினை.

சித்திரை முதல் நாள் பொன்னேர் பூட்டுவது அந்தப் பக்கத்து வழக்கம். பூசை போட்டு, மாட்டுக்குப் பொட்டு வைத்து, வருஷத்தின் முதல் உழவை உழ வேண்டும். அன்று ஏர் படாத நிலம் உடையவன் முகத்தை மறந்துவிடும் என்பது வீரமலையின் அப்பன் பாட்டன் சொல். கல் நட்டது அரசாங்கம். நிலத்துக்கு அது தெரியுமா? ஒவ்வொரு சித்திரை ஒன்றுக்கும் பக்கத்துக் காட்டுக்காரர் பிச்சமுத்துவின் மாடுகளை இரவல் வாங்கிப் போய் ஒரே ஒரு ஏர்ச்சால் ஓட்டுவார். தேங்காய் உடைப்பார். விழுந்து கும்பிடுவார். விதை போடமாட்டார். அடுத்தவன் நிலத்தில் விதைப்பது களவு என்பதும் அதே பாட்டன் சொல்தான்.

வழக்கு விசாரணைக்கு வந்தபோது விஜயராணி சொல்லித்தான் அனுப்பினார். "நல்லா வெளையற நிலம்னு சொல்லுங்க. அளவாச் சொல்லுங்க, போதும்."

கூண்டில் ஏறியதும் வீரமலைக்கு அளவு மறந்துவிட்டது. "எங்க காட்டுக் கடலை ஒண்ணொண்ணும் கத்திரிக்கா தண்டி இருக்கும்ங்க. நாலு புடுங்குனா மூட்டை கட்டிரலாம்" என்றார்.

அரசு வக்கீல் சிரித்தார். "அதெல்லாம் அந்தக் காலம். இப்ப தரிசுதானே?"

"யாரு சொன்னா தரிசுன்னு? இந்தச் சித்திரைக்குக்கூடப் பொன்னேர் பூட்டி, உழுது, வெதச்சிட்டுதான் வந்திருக்கேன். இந்த நிமிசம் வரைக்கும் எவனும் என்னை அந்த மண்ணை விட்டு எறக்கலைங்க!"

கோர்ட்டே சிரித்தது. டைப் அடிக்கும் அம்மாள் மட்டும் சிரிக்காமல் அடித்துக்கொண்டிருந்தாள். தீர்ப்பில் விலை சென்ட்டுக்கு மூவாயிரமானது. அந்தக் கத்திரிக்காய்க் கடலைதான் விலையை மூன்று மடங்காக்கியது என்று வீரமலை பல வருஷம் மார்தட்டிக்கொண்டார். தீர்ப்புக்குக் கொஞ்சம் முன்னால், 2015-இல், வேலி வந்தது. அதற்குப் பின் சித்திரை ஒன்றுக்குப் போனால் கம்பிக்கு வெளியே நின்று தேங்காய் உடைத்துவிட்டு வருவார்.

அரசாங்கம் மதுரைக்கு மேல்முறையீடு போனது. அது அங்கே ஆற அமர உட்கார்ந்து எழுந்து தள்ளுபடியானது. விலையில் இனிப் பேச்சில்லை. மிச்சம் வட்டிக் கணக்குதான். அந்தக் கணக்கை வீரமலைக்குப் புரியவைத்தவர் முதல் மாடி பீமராவ், பாங்கில் இருந்து ஓய்வு பெற்றவர்.

"கூடுதல் விலை ரெண்டு லட்சம். நிலம் போன வருத்தத்துக்கு நூத்துக்கு முப்பது ஆறுதல் தொகை, அது அறுபதாயிரம். இந்த ரெண்டு லட்சத்து அறுபதாயிரத்துக்கு வட்டி. முதல் வருஷம் நூத்துக்கு ஒன்பது, அப்புறம் பணம் கோர்ட்டுல கட்டற வரைக்கும் வருஷா வருஷம் பதினஞ்சு. அதாவது வருஷத்துக்கு முப்பத்தொன்பதாயிரம். இன்னும் சில்லறை உருப்படியெல்லாம் உண்டு, அதை வக்கீல் பீஸுக்கு வச்சுக்கோங்க."

"எந்த நாள்லேருந்துங்க சார் வட்டி?"

"நிலம் உங்க கைய விட்டுப் போன நாள்லேருந்து."

2006-இலிருந்து பதினெட்டு வருஷம். எல்லாம் சேர்த்து ஒன்பதரை லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவு. வேலம்மாள் அன்று நாலு மாடிப் படிக்கட்டையும் இரண்டு தரம் துடைத்தாள்.

ஏனென்றால் பிச்சமுத்து தன் ஏக்கரை விற்கப் போவதாகச் சொல்லியிருந்தார். வேலியை ஒட்டிய காடு. அதே மண், அதே காற்று. தங்கள் பழைய நிலம் கண்ணுக்கு எதிரே கிடக்கும். விலை ஒன்பது லட்சம். ஊரில் வாரத்துக்கு வளர்க்க விட்டிருந்த ஆடுகளையெல்லாம் விற்று ஐம்பதாயிரம் அட்வான்ஸ் கொடுத்தார்கள். பங்குனி பதினைந்து வரை கெடு.

"மத்தவங்க படியத் தொடைச்சே சாகமாட்டேன். என் மண்ணுல ஒரு முருங்கைக் கொம்பு ஊணி, அது தழைஞ்சத பாத்துட்டுதான் சாவேன்" என்றாள் வேலம்மாள்.

"கடலை வரும்டி. இந்தத் தரம் பூசணிக்கா தண்டி."

மாசியில் வட்டிக் கணக்கு கோர்ட்டுக்கு வந்தது. இரண்டு தரப்பும் தத்தம் கணக்கைக் கொடுத்தார்கள். அரசாங்கக் கணக்கில் வட்டி 2015-இல் ஆரம்பித்தது. விஜயராணி எழுந்தார். 2006-லேயே சுவாதீனம் எடுத்ததாகத் தாலுகா ஆபீஸே எழுதிய காகிதத்தைக் காட்டினார்.

அரசு வக்கீல் அவசரப்படவில்லை. ஒரு பழைய சாட்சியத்தைப் பிரித்து நிதானமாகப் படித்தார். பொன்னேர் பூட்டி. உழுது. விதைத்துவிட்டு. இந்த நிமிஷம் வரைக்கும் எவனும் என்னை அந்த மண்ணை விட்டு இறக்கவில்லை. "காகிதம் என்ன சொன்னாலும், நிலம் வேலி போடுகிற வரைக்கும் மனுதாரர் கையில்தான் இருந்திருக்கிறது. அனுபவித்தவருக்கு எதற்கு வட்டி?"

வீரமலை பின் பெஞ்சிலிருந்து எழுந்துவிட்டார். "ஐயா, வெதைக்கலைங்க! அது பொய்ங்க. ஒரே ஒரு சால்தான் ஓட்டுனேன். சாமி கும்புடறதுக்கு. வருசத்துக்கு ஒரு சால்ங்க!"

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "அன்னிக்கு சத்தியம் பண்ணித்தானே சொன்னீங்க பெரியவரே? அதை நம்பித்தானே விலையைக் கூட்டினாங்க? இன்னிக்கு எதை நான் நம்பறது?"

வீரமலை பெஞ்சில் உட்கார்ந்தார். அதற்கு ஒரு சொல்லைப் பாட்டன் விட்டுப்போகவில்லை.

உத்தரவு அரசாங்கக் கணக்குப்படியே வந்தது. ஒன்பது வருஷ வட்டி, மூன்றரை லட்சம், போயிற்று. கைக்கு வருவது ஆறு லட்சத்துக்கும் கீழே. மறுநாள் காலையில் கேட்டருகே, மேல் கோர்ட்டுக்குப் போகலாம் என்றார் விஜயராணி.

"எத்தனை வருசம் ஆகும்ங்கம்மா?"

விஜயராணி நாயின் சங்கிலியைச் சரிசெய்துகொண்டே இருந்தார்.

பங்குனி பதினைந்து தாண்டியது. பிச்சமுத்து நல்ல மனிதர்தான், நாலு நாள் கூடுதலாகவே காத்திருந்தார். ஆனால் பாலக்கரையில் இரும்புக் கடை வைத்திருந்த ஒருவர் முழுப் பணத்தோடு நின்றார். கிரயமானது. அட்வான்ஸில் பாதியைத் திருப்பிக் கொடுத்தனுப்பினார் பிச்சமுத்து.

அன்று வேலம்மாள் சண்டை போடவில்லை. அதுதான் பயமாக இருந்தது. சோற்றைப் போட்டு வைத்துவிட்டு, சுவரைப் பார்த்துச் சொன்னாள்: "நிலம் மூஞ்சிய மறந்துரும்னுதானே உழுதீங்க. மறந்து தொலைச்சிருக்கலாம்."

சித்திரை ஒன்று. ஒவ்வொரு வருஷமும் அன்று விடியுமுன் வீரமலை சத்திரம் பஸ் ஸ்டாண்டில் நிற்பார். பணம் இல்லாத வருஷமும் போயிருக்கிறார், காய்ச்சலோடும் போயிருக்கிறார். இந்த வருஷம் வாசல் நாற்காலியிலேயே உட்கார்ந்திருந்தார். விஜயராணி கார் வந்தது. கேட்டைத் திறந்தார். சலாம் இருந்தது, கேள்வி இல்லை. காருக்குள் இருந்த நாய்தான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு போயிற்று.

கொஞ்ச நேரத்தில் பீமராவ் ஒரு ரோஜாத் தொட்டியோடு இறங்கி வந்தார். காம்பவுண்டுச் சுவரோரம் சிமெண்டுக் கல் பாவாத ஒரு முழ மண் இருந்தது.

"வீரமலை, வருஷப் பிறப்பாச்சே, நல்ல நாள். இந்த இடத்துல ரெண்டு கொத்து கொத்திக் கொடுங்களேன். ரோஜாவ நட்டுடலாம். மண்வெட்டி மோட்டார் ரூம்ல இருக்கு."

படியைத் துடைத்துக்கொண்டிருந்த வேலம்மாள் கையை நிறுத்தினாள்.

வீரமலை அந்த ஒரு முழ மண்ணைப் பார்த்தார். கருத்த, ஈரமான, காவிரிக் கரை மண். வறண்ட காட்டில் அறுபது வருஷம் கிடந்தவன் கனவில்கூடக் காணாத மண்.

"மன்னிச்சுக்குங்க சார்" என்றார். "எனக்கு மம்பட்டி பிடிக்க வராது."