நாதஸ்வர உறையில் ஒளிந்த கேம்

இன்று விழுப்புரம் பேருந்தில் நண்பன் சேகரைப் பார்த்ததும், எண்பதுகளில் திண்டிவனத்தில் நடந்த அவன் கல்யாணம் நினைவுக்கு வந்தது.

அப்போது கம்ப்யூட்டர் கேமை டேப்ரிகார்டர் கேசட்டில்தான் சேமிக்க வேண்டும். வீட்டில் யாரும் அதன்மேல் பாட்டுப் பதிந்துவிடக் கூடாதென்று, மாதக்கணக்கில் ஆடிய ஆட்டத்தை சேகர் நாதஸ்வர கேசட் உறையில் ஒளித்து வைத்திருந்தான். வீட்டார் அதையே மைக்செட்காரரிடம் கொடுத்துவிட்டார்கள்.

முகூர்த்த நேரத்தில் நாதஸ்வரத்துக்குப் பதில், கேம் பதிந்த கேசட்டின் சத்தத்தில் ஒலிபெருக்கி கீச்சென்று அலறியது.

"கேசட்டு பேஜாராயிடுச்சு. தூக்கிப் போட்டுடறேன்," என்றார் மைக்செட்காரர்.

சேகர் மணவறையிலிருந்து எழுந்துவிட்டான். "அண்ணே, போட்டுடாதீங்க. அது என் கேமு."

மணப்பெண் கைநீட்டி கேசட்டை வாங்கிக்கொண்டாள். "மொதல்ல தாலியக் கட்டுங்க. அப்புறம் தர்றேன்."

"குடுத்தாங்களாடா?" என்று இன்று கேட்டேன்.

"எங்க? இன்னும் கேட்டுக்கினுதான் இருக்கேன்."

உங்கள் வீட்டில் சேமித்த ஆட்டம் யார் கையில் இருக்கிறது?