யாரையும் நிறுத்தாத அதிகாரி

அலுவலகத்தில் அவருக்கு ‘உட்காரு சார்’ என்று பெயர். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பட்டியலோடு சரி. புகாருக்கு ஆளான ஊழியர் எவர் வந்து நின்றாலும் அவர் வாயிலிருந்து முதலில் வருவது, “மொதல்ல உட்காரு.” அடுத்தது ஒரு டம்ளர் தண்ணீர். அதற்கு அடுத்தது, “வீட்ல எத்தனை பேரு?” அதற்குள் வந்தவர் கண்ணைக் கசக்க ஆரம்பித்திருப்பார். அப்புறம் எங்கே நடவடிக்கை எடுப்பது?

அரசு முதியோர் இல்லங்களுக்கெல்லாம் அவர்தான் அதிகாரி. கடைநிலை ஊழியர்களை நியமிப்பவர் அவரே என்பதால், விசாரணை முடியும்வரை அவர்களைப் பணியிடைநீக்கம் செய்யும் அதிகாரமும் அவரிடம்தான் இருந்தது. அந்தக் கையெழுத்தை வேறு யாரும் போட முடியாது. அவரும் ஒரு தடவைகூடப் போட்டதில்லை.

கோழை என்று சொல்லிவிட முடியாது. அவர் பள்ளியில் படிக்கும்போது, யாரோ செய்த தப்புக்கு அப்பாவை சஸ்பெண்ட் செய்தார்கள். அப்பா தினமும் காலையில் குளித்து, இஸ்திரி போட்ட சட்டையை மாட்டிக்கொண்டு, போக இடமில்லாமல் சமையலறையில் வந்து உட்காருவார். “இது தண்டனை இல்லடா, விசாரணை முடியற வரைக்கும்தான்” என்பார். கடைசியில் அவர் மேல் குற்றமில்லை என்று முடிவானபோது, தெருவில் யாரும் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மகனுக்கு அந்தக் காலைகள் மறக்கவே இல்லை.

அதனால் அவர் தனக்கென்று ஒரு வழி வைத்திருந்தார். புகார் வந்தால் விளக்கம் கேட்டு ஒரு மெமோ, ஆளை வேறு இல்லத்துக்கு மாற்றி ஓர் உத்தரவு. அத்தோடு கதை முடிந்தது.

ஒருநாள் ஓர் ஆயாவின் மேல் புகார் வந்தது. வயதானவர்களைக் குளிப்பாட்டி உடை மாற்றுவது அவள் வேலை. படுக்கையை நனைத்ததற்காக ஓர் அம்மாவின் கையை முறுக்கியிருந்தாள். பிரிவுக் கண்காணிப்பாளராக இருந்த பெண்மணி இந்த முறை விடவில்லை.

“சார், விரல் தடம் அப்படியே பதிஞ்சிருக்கு. வேற இல்லத்துக்கு அனுப்பினா, அங்கயும் வயசானவங்கதானே இருக்காங்க? பவர் உங்ககிட்ட இருக்கு சார்.”

“பவர் இருக்குன்னு ஒரு குடும்பத்தோட வயித்துல அடிக்கச் சொல்றீங்களா?”

கண்காணிப்பாளர் கோப்பை மேஜைமேல் வைத்துவிட்டு ஆயாவை உள்ளே அனுப்பினார். ஆயா உட்கார்ந்தாள், தண்ணீர் குடித்தாள், அழுதாள், நகரின் மறுகோடியில் இருந்த இல்லத்துக்கு மாற்றலானாள். நல்ல காரியம் செய்த திருப்தியோடு அதிகாரி வீட்டுக்குப் போனார். இரக்கம் இருக்கிறதே, அது எதிரே உட்கார்ந்து அழுகிறவர் பக்கம்தான் சாயும். கட்டிலைவிட்டு எழுந்து வர முடியாதவர் அதன் கண்ணில் படுவதே இல்லை.

கொஞ்ச நாளில் அந்த இல்லத்து டாக்டர் போன் செய்தார். ஓர் அம்மாவுக்குத் தோளிலிருந்து முதுகுவரை வெந்நீர் பட்டுத் தோல் உரிந்திருந்தது. “சுடுதும்மா, விளாவி ஊத்து” என்று கெஞ்சியும் ஆயா அப்படியே ஊற்றியிருக்கிறாள்.

அவர் அடித்துப் பிடித்துக்கொண்டு ஓடினார். இல்லத்து அலுவலக அறையில், நின்ற நிலையிலேயே பணியிடைநீக்க உத்தரவில் கையெழுத்துப் போட்டார். ஆயா அழுதாள். அவர் நிமிர்ந்து பார்க்கவில்லை. ஒரு நொடிகூட ஆகவில்லை. இவ்வளவு சுலபமான காரியத்தையா தள்ளிப்போட்டோம் என்று வெட்கமாக இருந்தது.

பிறகு அந்த அம்மாவின் கட்டிலருகே போனார். ஒரு காலத்தில் தையல் கடை நடத்தியவர், யாருக்கும் பணிந்து பேசிப் பழக்கமில்லாதவர். முதுகில் மருந்து பூசிக் குப்புறப் படுக்க வைத்திருந்தார்கள்.

“அந்த ஆயா இதுக்கு முன்னாடியும் இப்படி ஏதாவது பண்ணாளாம்மா?”

“வந்த நாள்லேர்ந்தே அப்படித்தான்.”

“அப்பவே ஆபீசுக்குச் சொல்லி அனுப்பியிருக்கலாமே?”

அந்த அம்மா தலையை மெல்லத் திருப்பி அவரைப் பார்த்தார். கேட்பது யாரென்று அவருக்குத் தெரிந்திருக்கவில்லை.

“அனுப்பலாம்னுதான் இருந்தேன், தம்பி. பக்கத்துக் கட்டில்காரிதான் வேணாம்னா. மேல இருக்கிற ஆபீசர் ரொம்ப இரக்கப்படுறவராம், யாரையும் நிறுத்த மாட்டாராம். சொல்லிட்டு, மறுநாளும் அவ கையாலதானே குளிக்கணும்?”