புரட்டைப் பெரட்டாக்கிய பீடோர் பயணம்

போன மாதம் ஒரு வாசகர் எழுதிக் கேட்டிருந்தார். ஈப்போவில் பழைய புத்தகங்கள் விற்கும் கடையொன்றில் அவருக்கு ‘ஐந்தரை மணி’ என்ற நாவலின் முதற்பதிப்பு கிடைத்ததாம். அதில் பத்தொன்பது இடங்களில் யாரோ நீலப் பேனாவால் ஒரே எழுத்தை அடித்துத் திருத்தியிருக்கிறார்களாம். யார், ஏன் என்று தெரியுமா என்று கேட்டார். தெரியும். திருத்தியதில் பாதி நான். திருத்த வேண்டிய நிலையை உண்டாக்கியது முழுவதும் நான்.

அந்தக் கதையைச் சொன்னால் ஈப்போவிலிருந்து பீடோர் வரை ஒரு பயணக் கதையும் சேர்ந்து வந்துவிடும். இன்று அதே வழியில் போக நினைப்பவர்களுக்கும் உதவும். செலவுக் கணக்கு மட்டும் 1980ஆம் ஆண்டுக்கானது, பார்த்துப் பெருமூச்சு விட்டுக்கொள்ளுங்கள்.

நாவலை எழுதியவள் வசந்தா. ஈப்போவில் இடைநிலைப் பள்ளியில் ஐந்தாண்டு என் பக்கத்து நாற்காலி. பீடோர்ப் பக்கத்து ரப்பர் தோட்டத்துப் பெண், படிப்பதற்காக ஈப்போவில் மாமா வீட்டில் தங்கியிருந்தாள். பிறகு தமிழ்ப்பள்ளி ஆசிரியை ஆனாள். நான் பட்டணத்துக்காரி. அப்பாவுக்கு ரயில்வேயில் வேலை, எனக்கு ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தில் தட்டச்சு. தோட்டத்தை ரயில் ஜன்னல் வழியாகப் பார்த்ததோடு சரி.

வசந்தாவின் நாவல் இரண்டு தோட்டத்துப் பெண்களின் சினேகிதத்தைப் பற்றியது. ஒருத்தி படிக்கப் போகிறாள். இன்னொருத்தி பதினான்கு வயதில் உளியை எடுத்துக்கொண்டு பால் மரம் சீவப் போகிறாள். வருடங்கள் ஓடுகின்றன. இருவருக்கும் ஒரே நாள்தான் நினைவில் இருக்கிறது, ஆனால் இருவருக்கும் வேறு வேறு மாதிரி. மரம் சீவப் போனவள் நிஜத்தில் பாக்கியம், வசந்தாவின் பிள்ளைப் பருவத்துத் தோழி. நாவலைப் படித்தபோது நான் அழுதேன் என்பது உண்மை. அதில் நான் ஒரு வரியில்கூட இல்லையே என்று உள்ளுக்குள் எரிந்தேன் என்பதும் உண்மை.

வசந்தாவின் கையெழுத்து கோழி கிளறியது. ஆகவே அச்சுக்கு அனுப்ப நானூற்றுச் சொச்சம் பக்கத்தையும் நான்தான் அழகாகப் பிரதி எடுத்தேன். தமிழில் வகுப்பிலேயே முதல் மாணவி என்ற கர்வம் எனக்கு அன்றும் உண்டு, இன்றும் உண்டு. அவள் எழுத்துப் பிழைகளையெல்லாம் திருத்திக்கொண்டே போனேன். அச்சுப் படியை நான்தான் பார்த்தேன். வசந்தாவுக்குப் பள்ளியில் தேர்வு நேரம், ‘உன்னை நம்புறேன்’ என்று விட்டுவிட்டாள்.

புத்தகங்கள் மெட்ராஸிலிருந்து கப்பலில் வந்து சேர்ந்தது ஒரு புதன்கிழமை மாலை. மறுநாள் வியாழக்கிழமை நான்கு மணிக்கு வசந்தாவின் தோட்டத்து மண்டபத்தில் வெளியீடு. ஆகஸ்ட் பள்ளி விடுமுறை, எனக்கு இரண்டு நாள் விடுப்பு. முதல் அத்தியாயத்தைப் பாக்கியம் எழுந்து வாசிக்க வேண்டும் என்பது வசந்தாவின் ஆசை. அதற்காகத்தான் மூன்று வருடம் எழுதினேன் என்றே சொன்னாள்.

நாற்பது புத்தகங்களை இரண்டு அட்டைப் பெட்டியில் கட்டிக்கொண்டு காலை ஏழரை மணி பஸ்ஸில் ஏறினோம். ஈப்போவிலிருந்து பீடோர் நாற்பது மைலுக்குக் கொஞ்சம் அதிகம். ஆளுக்கு இரண்டு வெள்ளி அறுபது காசு, பெட்டிகளுக்குக் கண்டக்டர் காசு கேட்கவில்லை. இடது பக்க ஜன்னலில் உட்காருங்கள். மலை வரிசை உங்களோடு கூடவே வரும்.

கோப்பெங்கை அடைந்தபோது எட்டே கால். அங்கே பஸ் பத்து நிமிடம் நிற்கும். ஈயம் தோண்டிய குளங்களும் வெள்ளை மணல் மேடுகளும் பார்க்க வேண்டியவை, நான் அன்று பார்க்கவில்லை. வசந்தா பெட்டியைப் பிரித்து ஒரு புத்தகத்தை எடுத்து, முகர்ந்து பார்த்து, முதல் பக்கத்தைத் திறந்தாள்.

“எஸ்தர், இது என்னா?”

முதல் வரியில் விரல் இருந்தது. ‘பாக்கியத்தின் அப்பா முப்பது வருடமாக ஐந்தரை மணிப் புரட்டுக்கு ஒரு நாளும் தவறியதில்லை.’

“புரட்டுதான். நீ பெரட்டுன்னு தப்பா எழுதியிருந்த. எல்லா இடத்துலயும் திருத்திட்டேன்” என்றேன். எவ்வளவு பெருமையாகச் சொன்னேன் என்பதை நினைத்தால் இன்றும் காது சுடுகிறது.

தெரியாதவர்களுக்காக: தோட்டத்தில் விடியுமுன்னே வேலையாட்கள் ஓரிடத்தில் வரிசையாக நிற்பார்கள். கிராணி என்கிற தோட்டத்துக் கணக்கர் பெயர் கூப்பிட்டு, யாருக்கு எந்தப் பக்கம் வேலை என்று பிரித்துக் கொடுப்பார். அதற்குப் பெரட்டு என்று பெயர். வெள்ளைக்காரன் சொன்ன பரேட் நம் ஆட்கள் வாயில் பெரட்டு ஆனது. அந்தச் சொல்லை நான் கேள்விப்பட்டதே இல்லை. பித்தலாட்டத்துக்கு நம் மொழியில் ஒரு சொல் உண்டல்லவா, புரட்டு, அதைத்தான் பிழையாக எழுதிவிட்டாள் என்று முடிவு கட்டிவிட்டேன். முப்பது வருடம் ஒழுங்காக வேலைக்குப் போன மனிதரை, முப்பது வருடம் பித்தலாட்டத்துக்குத் தவறாதவர் ஆக்கிவிட்டேன். அவர் அன்று மாலை முன் வரிசையில் உட்காரப் போகிறார். வாசிக்கப் போவது அவர் மகள்.

“அர்த்தம் ஒதைக்குதேன்னு உனக்குத் தோணலியா?” என்றாள் வசந்தா.

“தோட்டத்து ஆளுங்க ஏதோ கிண்டலாச் சொல்ற பேச்சுன்னு நெனச்சேன்.”

“எங்க சனம் ஏமாத்துச்சுன்னு சொன்னா ஒனக்கு உடனே பொருந்திப் போச்சு, இல்ல?”

கம்பார் தாண்டி, தாப்பா தாண்டி, பீடோர் வரை அவள் மடியில் புத்தகத்தை விரித்து, எந்தெந்தப் பக்கத்தில் அந்தச் சொல் வருகிறது என்று ஒரு தாளில் எழுதிக்கொண்டே வந்தாள். பத்தொன்பது இடம்.

ஒன்பதே முக்காலுக்குப் பீடோர். கடைத்தெருவில் முதலில் தெரிந்த சீனர் காப்பிக் கடையில் பெரிய மேசையாகப் பார்த்து உட்கார்ந்தோம். பக்கத்துக் கடையில் ஆறு நீலப் பேனா வாங்கினேன். நாற்பது புத்தகம், புத்தகத்துக்குப் பத்தொன்பது. ‘பு’வை அடிக்க வேண்டும், மேலே ‘பெ’ போட வேண்டும், மை காயும்வரை மூடக் கூடாது. கடைக்காரர் இரண்டு முறை வந்து பார்த்துவிட்டு, பரீட்சைத் தாள் திருத்துகிறோம் என்று நினைத்து மின்விசிறியை நிறுத்தினார், தாள் பறக்காமல் இருக்க. வியர்த்துக் கொட்டியது. மறுபடி போடச் சொல்ல எங்களுக்குக் கூச்சம். பீடோரில் வாத்துக்கறி போட்ட மீ நூடுல்ஸ் பிரசித்தம், ஒரு தட்டு ஒரு வெள்ளி இருபது காசு, அதை அன்று நான் சாப்பிட்டேன், ருசி நினைவில்லை.

பதினோரு மணிக்கு டாக்சிக்காரர் முனியாண்டி அண்ணன் வந்து சேர்ந்தார். வசந்தா முன்கூட்டியே சொல்லி வைத்திருந்த ஆள், அவரும் தோட்டத்தில் பிறந்தவர். விஷயத்தைக் கேட்டதும் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

“தங்கச்சி, ரொம்ப வருத்தப்படாத லா. எங்க பழைய தோட்டத்துல சம்பளத்த அமுக்கச் செத்துப் போனவன் பேரையும் பெரட்டுல கூப்பிட்டாங்க. அங்க ரெண்டும் ஒண்ணுதான்.”

வசந்தா முதல் தடவையாகச் சிரித்தாள். அண்ணன் ஒரு பேனாவை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார். அவர் திருத்திய புத்தகங்களில் ‘பெ’யின் கொம்பு யானைத் தும்பிக்கை அளவு இருக்கும். உங்கள் கையில் அப்படி ஒன்று கிடைத்தால் பத்திரமாக வையுங்கள், ஆறே ஆறுதான் உண்டு.

ஒன்றரை மணிக்கு முடித்தோம். பீடோரிலிருந்து தோட்டம் எட்டு மைல், கடைசி மூன்று மைல் செம்மண் பாதை, அரை மணி நேரம், தனி வண்டிக்கு ஆறு வெள்ளி. வழியில் அண்ணன் ஒரு யோசனை சொன்னார். யாராவது கேட்டால் அச்சகத்துக்காரன் மேல் பழியைப் போட்டுவிடுங்கள், அவன் கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கிறான், வந்து சண்டையா போடப் போகிறான் என்றார். வசந்தா யோசித்து, “சரி, அப்படியே சொல்லிக்கலாம்” என்றாள். என்னைக் காப்பாற்றத்தான் சொன்னாள். கோபம் அப்படியே இருக்க, என்னையும் காப்பாற்றினாள். எனக்கு நிம்மதியாக இருந்தது என்பதை வெட்கத்தோடு எழுதி வைக்கிறேன்.

நான்கு மணிக்கு மண்டபத்தில் நூறு பேருக்கு மேல் இருந்தார்கள். பெரும்பாலோர் குளித்து, தலை சீவி, நல்ல துணி உடுத்தி வந்திருந்தார்கள். அவர்களைப் பற்றிய புத்தகம் அல்லவா. பாக்கியம் மெல்லிய பெண், முழங்கை வரை வெயில் ஏறிய நிறம், ஊதா நிறச் சேலை. அப்பா முன் வரிசையில் சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போட்டு உட்கார்ந்திருந்தார்.

பாக்கியம் மேசையிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்தாள். திறந்தாள். வாசிக்காமல் தாளை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்தாள். பேனா கோட்டுக்கு அடியில் அச்சு நன்றாகவே தெரியும்.

“இது என்னாடி வசந்தா, மொத வரியிலயே அடிச்சு எழுதியிருக்கு? கீழ புரட்டுன்னு இருக்கே?”

வசந்தா எழுந்தாள். “அது வந்து, மெட்ராஸ்ல அச்சடிச்சவங்க...”

நானும் எழுந்துவிட்டேன். யோசித்து எழுந்தேன் என்று சொல்ல மாட்டேன். யாரோ முகம் தெரியாத மனிதன் என் கர்வத்துக்காகத் திட்டு வாங்குவது எனக்கு அந்த நிமிடம் பொறுக்கவில்லை.

“அச்சகம் இல்லைங்க. நான்தான். பிரதி எடுத்தது நான். பெரட்டுன்னா என்னன்னு எனக்குத் தெரியாது. வசந்தா பிழையா எழுதிட்டான்னு நெனச்சு மாத்திட்டேன். உங்க அப்பாவப் பத்தித் தப்பா வந்துடுச்சு. மன்னிச்சுக்குங்க.”

பாக்கியம் என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

“நீதான் ஈப்போ எஸ்தரா? வசந்தா கடுதாசியில எல்லாம் நீதான் வருவ.” பிறகு அப்பா பக்கம் திரும்பி, குரலை உயர்த்தி, இரண்டு வரியையும் வாசித்தாள். அடித்ததையும் வாசித்தாள், திருத்தியதையும் வாசித்தாள். பெரியவர் காதில் கை வைத்துக் கேட்டுவிட்டு, “முப்பது இல்ல, முப்பத்திரெண்டு வருசம், அதையும் எழுது” என்றார். மண்டபமே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. வசந்தா பேனா எடுத்து அங்கேயே திருத்தினாள்.

அதன்பின் பாக்கியம் முதல் அத்தியாயத்தை வாசித்தாள். இரண்டு சிறுமிகள் ஒரே மழைச்சட்டைக்குள் நடந்துபோகும் இடம் அதில் வரும். அந்த இடத்தில் நிறுத்தி, “இது நடந்தது எனக்கு ஞாபகமே இல்ல. ஆனா இனிமே இருக்கும்” என்று தானாகச் சொன்னாள். எத்தனையோ நாவல்களைப் பற்றி எத்தனையோ பேர் மேடையில் பேசிக் கேட்டிருக்கிறேன். ஒரு நாவலுக்கு அதைவிடப் பெரிய பாராட்டை நான் இன்றுவரை கேட்டதில்லை. என் சினேகிதி எழுதியது என்று எழுந்து கத்த வேண்டும்போல் இருந்தது.

இன்று போக விரும்புகிறவர்களுக்குச் சில விஷயங்கள். தோட்டத்தின் பெயரை எழுத வேண்டாம் என்று வசந்தா கேட்டுக்கொண்டதால் எழுதவில்லை, எனக்கு மடல் போட்டால் வழி சொல்வேன். இப்போது ரப்பர் இல்லை, எல்லாம் எண்ணெய் எடுக்கும் செம்பனை. மண்டபமும் பெரட்டுக்கு நிற்கும் களமும் இருக்கின்றன, களத்தில் புல். கட்டாயம் நீளக்கால் சட்டை, காலுக்கு நல்ல சப்பாத்து. குடிக்கத் தண்ணீர் கொண்டு போங்கள், உள்ளே கடை கிடையாது. கோப்பெங்கில் இறங்கி ஒரு மணி நேரம் நடந்துவிட்டு அடுத்த பஸ்ஸைப் பிடியுங்கள், நான் தவறவிட்டதை நீங்கள் பாருங்கள். முக்கியமாக, முந்தின இரவு பீடோரில் தங்கி, காலை ஐந்தரைக்குக் களத்தில் இருக்கப் பாருங்கள். பகலில் போனால் அது வெறும் திடல்.

ஏன் ஐந்தரை என்கிறேன் என்றால், வெள்ளிக்கிழமை காலை நான் அங்கே நின்றேன். முந்தின மாலையே பாக்கியம் சொல்லிவிட்டாள், “நாளைக்கு வா. பெரட்டுன்னா என்னான்னு தெரிஞ்சுக்கிட்டு ஊருக்குப் போ.” அவளுடைய பழைய சட்டை, தலையில் துண்டு, காலில் எனக்குப் பெரிதான ரப்பர் சப்பாத்து. இருட்டில் வாளிகள் ஒன்றோடொன்று இடிக்கும் சத்தம். வசந்தா எனக்கு இடது பக்கம், பாக்கியம் வலது பக்கம். கிராணி விளக்கைப் பிடித்துக்கொண்டு பெயர் கூப்பிட்டார். ஒவ்வொருவராக “இருக்கேன்” என்றார்கள். பாக்கியம் “இருக்கேன்” என்றாள். அடுத்த பெயர் வருவதற்கு முன் கிராணி அவளைப் பார்த்து லேசாகத் தலையாட்டினார்.

“எஸ்தர்.”

நான் திரும்பி வசந்தாவைப் பார்த்தேன். வசந்தா முழங்கையால் என் விலாவில் இடித்தாள். “கூப்பிடுறாங்க, சொல்லுடி.”

“இருக்கேன்” என்றேன்.

“மூணாம் நம்பர் பக்கம், பாக்கியத்தோட” என்று சொல்லி, கிராணி என் பெயருக்கு நேராக ஒரு கோடு போட்டார்.