மீற்றருக்கு வைத்த பொட்டு

எங்கள் வீட்டு மின்மீற்றருக்கு மின்சார சபை போட்டிருந்த ஈய ‘சீல்’ கம்பியை அறுத்தது நான்தான். இன்று இவ்வளவு சுலபமாக எழுதிவிட்டேன். அன்று இதைச் சொல்ல எனக்கு மூன்று மாதம் எடுத்தது.

வெள்ளவத்தையில் கடற்கரைப் பக்கம் இறங்கும் ஒழுங்கையொன்றில் எங்களுக்குச் சின்ன வீடு. உப்புக்காற்று இரும்பென்று ஒன்றையும் விட்டுவைக்காது. ஆயுத பூசையன்று தையல் மெஷினைத் துடைத்துப் பொட்டு வைத்தேன், கத்தரிக்கோலுக்கு வைத்தேன், தேங்காய் துருவும் திருவலைக்கும் வைத்தேன். அத்தோடு நின்றிருக்கலாம். என்ன சனியன் பிடித்ததோ, மெஷின் ஓடுவதே கரண்டில்தானே என்று ஸ்டூலில் ஏறி மீற்றரையும் ஈரத்துணியால் அழுத்தித் துடைத்தேன். துருப்பிடித்த சீல் கம்பி அறுந்து கையோடு வந்தது. பதறிப்போய் அதைத் தையல் நூலால் இறுக்கிக் கட்டி, முடிச்சின் மேலேயே சந்தனத்தை அப்பிக் குங்குமமும் வைத்துவிட்டு இறங்கினேன்.

இரண்டு கிழமை கழித்து மீற்றர் பரிசோதகர்கள் வந்தார்கள், கூடவே ஒரு பொலிஸ்காரனும். ஒருவர் சந்தனத்தை நகத்தால் சுரண்டினார். நூல் தெரிந்தது. “நோனா, இது யார் செய்த வேலை?” என்று சிங்களத்தில் கேட்டார். பொலிஸைக் கண்ட பயத்தில், “எனக்கு ஒன்றும் தெரியாது” என்று சொல்லிவிட்டேன்.

பில் என் கணவரின் பெயரில். மின்சாரம் திருடினார் என்று வழக்கும் அவர் பெயரில்தான் விழுந்தது. அவர் அரசாங்கக் கந்தோரில் கிளார்க். பென்சனுக்கு இன்னும் இரண்டு வருடம். குற்றவாளி என்று தீர்ப்பு வந்தால் வேலையும் இல்லை, பென்சனும் இல்லை.

எனக்கு இருக்கவும் முடியவில்லை, நிற்கவும் முடியவில்லை. சோறு அடிப்பிடித்தது. சட்டைக்குக் கையை மாறித் தைத்தேன். கேற் சத்தம் கேட்டால் பொலிஸோ என்று எட்டிப் பார்த்தேன். எத்தனையோ தரம், “இஞ்சேருங்கோ” என்று தொடங்கினேன். அவர் பேப்பரிலிருந்து தலையை நிமிர்த்துவார். “தேத்தண்ணி ஊத்தட்டோ?” என்று கேட்டுவிட்டுக் குசினிக்குள் ஓடுவேன். த்தூ, என்ன பிறவி நான்!

சட்டத்தரணி சொன்னார்: “வழக்காடினா வீட்டிலை இருக்கிற ஆக்களையும் சாட்சிக் கூட்டிலை ஏத்திக் கேப்பினம். ஒத்துக்கொண்டா தண்டத்தோட முடிஞ்சிடும்.”

“நான் ஒத்துக்கொள்ளுறன்” என்றார் இவர்.

“உங்களுக்கென்ன விசரே? வேலையெல்லோ போகும்!” என்று அந்த இடத்திலேயே கத்தினேன். கத்த மட்டும் எனக்கு வாய் இருந்தது.

“போனாப் போகட்டும்.”

வழக்கு நாளன்று அவர் குற்றவாளிக் கூட்டில் நின்றார். முந்தின நாள் நான் இஸ்திரி போட்டுக் கொடுத்த வெள்ளைச் சேட்டு. மொழிபெயர்ப்பாளர் குற்றத்தை வாசித்து, “குற்றவாளியா, சுற்றவாளியா?” என்று, அதாவது குற்றம் செய்தவரா செய்யாதவரா என்று, தமிழில் கேட்டார். அவர் தொண்டையைச் செருமினார்.

நான் எழும்பிவிட்டேன். “ஐயா, அவரில்லை! நான்தான்! பொட்டு வைக்கத் துடைக்கேக்கை அறுந்தது!”

பொலிஸ்காரன் உட்காரச் சொல்லி அதட்டினான். பின்னால் யாரோ சிரித்தார்கள். மீற்றருக்கு எதற்குப் பொட்டு என்பதை நீதவானுக்கு விளக்குவதற்குள் மொழிபெயர்ப்பாளருக்கு வியர்த்துக் கொட்டியது. நீதவான் சிரிக்கவில்லை. மீற்றரைக் கழற்றிச் சோதித்து அறிக்கை தரும்படி உத்தரவிட்டார்.

அடுத்த வழக்குத் தவணைக்கு அறிக்கை வந்தது. மீற்றரின் உள்ளே யாரும் கைவைக்கவில்லை, கணக்காக ஓடுகிறது என்றிருந்தது. வழக்கைத் தள்ளுபடி செய்தார்கள். முதல் நாளே வாயைத் திறந்திருந்தால் இவ்வளவுக்கும் வந்திராது.

வெளியே பஸ்ஸுக்கு நிற்கும்போது அழுதுகொண்டே சொன்னேன்: “நான்தான் எண்டு தெரிஞ்சிருந்தா என்னைக் கொன்றிருப்பியள், என்ன?”

“தெரியும்” என்றார். “அண்டைக்கு நீர் ஸ்டூலிலை நிண்டு நூல் கட்டேக்கை நான் கதவடியிலை நிண்டனான்.”

“அப்ப ஏன் கேக்கேல்லை?”

“நீரா ஒருநாள் சொல்லுவீர் எண்டு பாத்துக்கொண்டிருந்தன்.”

பஸ் வந்தது. அவர் கந்தோருக்குப் போய்விட்டார். பென்சன் எடுத்து, கண்ணை மூடும்வரைக்கும் இதைப்பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. பேசியிருந்தால் நானும் திருப்பிப் பேசியிருப்பேன், எனக்கா வாயில்லை? அந்த மனிதர் பேசாமலே போனதுதான் இன்றைக்கும் என்னைப் பிடுங்கித் தின்கிறது.